கற்பனை உலகத்துக்குக் காலண்டர் போடலாமா? ஸ்ரீரங்கம் சொல்லும் கணக்கு!

கதை எழுதுகிறவர்களும் வீடியோ கேம் உருவாக்குகிறவர்களும் புதிதாக ஓர் உலகத்தைப் படைக்கும்போது, முதலில் வரைபடம் போடுகிறார்கள். அடுத்து காலண்டர். மாதங்களுக்கு என்ன பெயர், வாரத்துக்கு எத்தனை நாள், புத்தாண்டு எப்போது... எல்லாமே அவர்கள் இஷ்டம்தான்.

இதில் பெரிய பெயர், ‘தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்’ எழுதிய டோல்கீன். ஹாபிட்கள் வாழும் ஷையர் நாட்டுக்கு அவர் போட்ட காலண்டரில் 12 மாதங்கள், ஒவ்வொன்றுக்கும் 30 நாட்கள். மிச்சமுள்ள 5 நாட்கள் எந்த மாதத்திலும் சேராத கொண்டாட்ட நாட்கள். ஆண்டின் நட்ட நடுவில் வரும் நாளுக்குக் கிழமையே கிடையாது. அதனால் ஒரு தேதி இந்த வருடம் வெள்ளிக்கிழமை வந்தால், எல்லா வருடமும் வெள்ளிதான்!

கச்சிதமான ஏற்பாடு. ஆனால், அந்த மாதங்கள் நிலாவைக் கண்டுகொள்வதே இல்லை. சூரியன், நிலா இரண்டையும் ஒரே காலண்டரில் உட்கார வைத்தால் என்ன ஆகும்? அதைத் தெரிந்துகொள்ள ஸ்ரீரங்கத்துக்கு வரவேண்டும்.

ஒரே ஏகாதசி, இரண்டு தேதி

2021-ம் ஆண்டு டிசம்பர் 14. தமிழ்க் கணக்கில் கார்த்திகை 28. அன்று ஸ்ரீரங்கம் ரங்கநாதர் கோயிலில் சொர்க்கவாசல் திறக்கப்பட்டது. திருப்பதியிலும் திருவல்லிக்கேணியிலும் வைகுண்ட ஏகாதசி 2022 ஜனவரி 13 அன்றுதான். ‘மார்கழியில் வரவேண்டிய ஏகாதசி கார்த்திகையில் எப்படி?’ என்று வெளியூர்க்காரர்கள் குழம்பினார்கள். திருச்சிக்காரர்களுக்குக் காரணம் தெரியும். 19 ஆண்டுகளுக்கு ஒருமுறை ஸ்ரீரங்கத்தில் இப்படித்தான்.

காரணத்தைப் பார்க்கலாம். தமிழ் மாதம் சூரியனை வைத்து ஓடுகிறது; திதி நிலாவை வைத்து ஓடுகிறது. சூரிய ஆண்டுக்குச் சுமார் 365 நாட்கள். நிலாவின் 12 மாதங்களுக்கோ 354 நாட்கள்தான். ஆக, வருடத்துக்கு 11 நாட்கள் இடிக்கும். அதனால்தான் 2022-ல் ஜனவரி 13 அன்று வந்த ஏகாதசி, அடுத்து 2023 ஜனவரி 2-க்கு நகர்ந்தது. பிறகு, அதே 2023-ல் டிசம்பர் 23-க்கு வந்தது. 2024-ல் வைகுண்ட ஏகாதசியே இல்லை. 2025-ல் ஜனவரி 10, டிசம்பர் 30 என்று இரண்டு!

யார் வழிவிடுவது?

ஸ்ரீரங்கத்தில் வைகுண்ட ஏகாதசி ஒருநாள் விழா அல்ல. பகல்பத்து, இராப்பத்து என 20 நாட்களுக்கு மேல் நடக்கும் உற்சவம். பகல்பத்தில் நம்பெருமாள் அர்ச்சுன மண்டபத்தில் எழுந்தருள்வார். ஏகாதசியன்று சொர்க்கவாசல் திறந்து இராப்பத்து தொடங்கியதும், ஆயிரங்கால் மண்டபத்தில் உள்ள திருமாமணி மண்டபத்துக்கு வருவார்.

ஜனவரி 13-ல் இராப்பத்து தொடங்கினால், அது பொங்கலைத் தாண்டி மேலும் ஒரு வாரம் நீளும். ஆனால், தை மாதப் புனர்பூச நட்சத்திரத்தை ஒட்டி பூபதித் திருநாள் உண்டு. அதில்தான் தைத் தேர் ஓடும். 2022-ல் தைப்பூசம் ஜனவரி 18. பூசத்துக்கு முந்தைய நட்சத்திரம் புனர்பூசம். அதாவது, இராப்பத்தின் நடுவிலேயே தேர்! இரண்டு விழாவுக்கும் எழுந்தருள வேண்டியவர் ஒரே நம்பெருமாள்.

இரண்டில் ஒன்று நகர்ந்தாக வேண்டும். கோயிலின் வழக்கப்படி, தைத் தேர் அசையவில்லை. ஆண்டின் மிகப்பெரிய கூட்டத்தைக் கூட்டும் வைகுண்ட ஏகாதசிதான் முந்தைய வளர்பிறை ஏகாதசிக்குப் போனது. பெரிய விழா, சின்ன விழாவுக்கு வழிவிட்டது.

அதென்ன 19 ஆண்டு? 19 சூரிய ஆண்டுகளும் 235 நிலா மாதங்களும் கிட்டத்தட்ட சமம். வித்தியாசம் இரண்டு மணி நேரம்தான். கி.மு. 5-ம் நூற்றாண்டில் ஏதென்ஸில் வாழ்ந்த மெட்டன் பெயரால் இதை ‘மெட்டன் சுழற்சி’ என்கிறார்கள். 2022 ஜனவரி 18 பௌர்ணமி. அதற்குச் சரியாக 19 ஆண்டுகளுக்கு முன், 2003 ஜனவரி 18-ம் பௌர்ணமிதான்.

கணக்கு மட்டும் போதாது

கணக்கில் அழகாக இருந்தும் நிலைக்காத காலண்டர்கள் உண்டு. பிரெஞ்சுப் புரட்சிக்காரர்கள் 1793-ல் வாரத்துக்கு 10 நாட்கள் என்று மாற்றினார்கள். ஏழு நாளுக்கு ஒருமுறை வந்த ஓய்வு, பத்து நாளுக்கு ஒருமுறை என்று ஆனது. யாருக்குப் பிடிக்கும்? 1806 ஜனவரி 1-ல் பழைய காலண்டரே திரும்பிவிட்டது. நம் நாட்டிலும் விஞ்ஞானி மேக்நாத் சாஹா தலைமையிலான குழுவின் பரிந்துரைப்படி, 1957 மார்ச் 22 முதல் தேசிய நாள்காட்டி நடப்பில் இருக்கிறது. அரசிதழில் அந்தத் தேதி அச்சாகிறது. ஆனால், நம் வீட்டில் கல்யாணத்துக்கு நாள் பார்க்க அதை யார் எடுக்கிறார்கள்?

வீட்டுக் குட்டீஸுக்கு ஒரு விளையாட்டு

உங்கள் கற்பனை உலகத்தில் வருடத்துக்கு 400 நாட்கள், நிலாவுக்கு 30 நாட்கள் என்று வையுங்கள். 13 நிலா மாதங்களுக்கு 390 நாட்கள். 10 நாள் மிச்சம். பௌர்ணமி விழா வருடம்தோறும் 10 நாள் முன்னால் நகரும். 3 வருடங்களில் 1,200 நாட்கள், அதாவது மிகச் சரியாக 40 நிலா மாதங்கள். எனவே, முதல் வருடம் அறுவடை விழாவன்று பௌர்ணமி வந்தால், நான்காம் வருடமும் அப்படியே வரும்.

அன்று அந்த ஊர் மக்கள் எந்த விழாவைக் கொண்டாடுவார்கள்? எதைத் தள்ளிவைப்பார்கள்? யார் கோபித்துக்கொள்வார்கள்? பதிலை எழுதிப் பாருங்கள். காலண்டரோடு ஒரு கதையும் கிடைத்துவிடும்!