சங்க வண்டிக்குத் தகுந்த கைப்பேசித் தாங்கி

சங்க வண்டியில் கைப்பேசியை நிறுத்தி வைக்கும் ஒரு சிறு தாங்கியைப் பற்றிக் கூட்டுறவுப் பத்திரிகையில் கட்டுரை எழுத வேண்டுமா என்று அங்கத்தினர் சிலர் நகைக்கக்கூடும். நூல் விலை, கடன் நிலுவை, தள்ளுபடி மானியம் என்று பேச வேண்டியவை மலைபோல் குவிந்திருக்கையில், 150 ரூபாய்ச் சாமானுக்கு இத்தனை இடமா என்பது நியாயமான கேள்வியே. சென்ற ஆண்டு வரையில் நாமும் அவ்வாறே எண்ணியிருந்தோம்.

ஈரோடு மாவட்டத்தில் ஒரு நெசவாளர் சங்கத்தின் கணக்குகளைச் சென்ற ஆண்டு ஆய்வு செய்ய நேர்ந்தது. வாகனச் செலவுக் கோப்பில் ஐந்து வவுச்சர்கள் ஒன்றன்பின் ஒன்றாக இருந்தன. ஐந்திலும் ஒரே வாசகம்: ‘கைப்பேசி ஸ்டாண்டு 1, ரூ. 150.’ ஓராண்டுக்குள் ஒரே வண்டிக்கு ஐந்து! “காரணம் கூறுக” என்று சிவப்பு மையில் குறிப்பெழுதினோம். செயலாளர் ஓட்டுநரை அழைத்து வந்தார். ஐம்பதைக் கடந்த அவர் நமது குறிப்பைப் படித்துவிட்டு, “சார் வவுச்சரைப் பாத்தீங்க, ரோட்டைப் பாக்கலீங்க” என்று சிரித்தபடியே சொன்னார். அப்பேச்சு நம்மைச் சுட்டது. மறுநாளே அவருடன் வண்டியில் ஏறினோம்.

மக்கள் ‘குட்டி யானை’ என்று அழைக்கும் சிறு சரக்கு வண்டி அது. குளிர்சாதனம் கிடையாது. விடியற்காலையில் பக்கத்து விவசாயிகள் சங்கத்துக்கு வாடகைக்குச் சென்று, தோட்டங்களிலிருந்து காய்கறி ஏற்றிச் சந்தையில் இறக்கும். பகலில் நூல் பேல்களையும் போர்வைக் கட்டுகளையும் சுமக்கும். எந்த வாய்க்கால் கரையில், எந்தக் களத்தில் மூட்டைகள் காத்திருக்கின்றன என்பதை விவசாயிகள் கைப்பேசி வழியாகத்தான் வரைபடத்தில் குறித்து அனுப்புகிறார்கள். ஆகவே கைப்பேசி இன்று அவ்வண்டிக்கு அலங்காரமன்று; ஸ்டியரிங்கைப் போல ஓர் உறுப்பாகவே ஆகிவிட்டது.

கத்திரி வெயில் காலம். நூல் கிடங்கின் வாசலில் வண்டி கண்ணாடிகளை ஏற்றிக்கொண்டு ஒன்றரை மணி நேரம் நின்றது. திரும்பி வருகையில் ஒரு பள்ளத்தில் சக்கரம் இறங்கியதுதான் தாமதம்; கண்ணாடியில் ஒட்டியிருந்த ரப்பர்க் கிண்ணம் கழன்று, கைப்பேசி ஓட்டுநரின் காலடியில், பிரேக் மிதியின் அருகே போய் விழுந்தது. அவர் குனியவில்லை. வேகத்தைத் தணித்து, வண்டியை ஓரங்கட்டி நிறுத்திய பின்னரே எடுத்தார். “போன மாசம் குனிஞ்சுட்டனுங்க சார். வாய்க்கா செவுரு இல்லாட்டி உள்ளேயே போயிருக்குமுங்க” என்றார். அச்சம்பவத்தை அவர் எவரிடமும் கூறியிருக்கவில்லை. அன்று கைப்பேசியின் கண்ணாடி உடைந்து, அதை மாற்ற 2,400 ரூபாய் தம் கைப்பணத்தையே செலவிட்டிருக்கிறார். கைப்பேசி அவருடையது; அதனால் நடப்பதோ சங்கத்தின் வேலை.

அந்த ரப்பர்க் கிண்ணம் ஏன் கழன்றது என்பதை அறிந்தால் எதை வாங்கலாம் என்பது தானே விளங்கும். கிண்ணத்தைக் கண்ணாடியில் பிடித்து வைப்பது பசையன்று, வெளிக்காற்றின் அழுத்தம். ஒரு சதுர சென்டிமீட்டருக்கு ஏறத்தாழ ஒரு கிலோ வீதம், 6 சென்டிமீட்டர் குறுக்களவுள்ள கிண்ணத்தின்மேல் சுமார் 28 கிலோ பாரம் அழுத்துகிறது. கைப்பேசியோ 200 கிராம். பின் எப்படி விழுகிறது? கிண்ணத்தினுள் எஞ்சி நிற்கும் சிறிதளவு காற்று வெயிலில் விரிந்து எதிர்த்துத் தள்ளுகிறது. கிண்ணத்தின் விளிம்பு சூட்டில் இளகுகிறது. இளகிய விளிம்பின்கீழ்ப் புழுதி நுழைய, அவ்வழியே காற்றும் நுழைகிறது. 2018-ஆம் ஆண்டில் அமெரிக்காவின் அரிசோனா மாநிலத்தில், 38 பாகை செல்சியசுக்கு மேற்பட்ட வெயிலில் கார்களை ஒரு மணி நேரம் நிறுத்திப் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் அளந்தனர். முன்பலகையின் சூடு சராசரி 69 பாகை. நிழலில் நின்ற கார்களில் 48 பாகை. ஈரோட்டு வெயிலும் 40 பாகையைத் தொடுவது நாம் அறியாததன்று.

இதனுடன் நீண்ட கையும் சேர்ந்துவிட்டால் கேட்க வேண்டியதில்லை. ஏற்றம் இறைத்த பரம்பரையினருக்கு நீளக் கழியின் நுனியில் தொங்கும் சிறு பாரமும் அடியை எவ்வளவு இழுக்கும் என்று நாம் சொல்லித் தர வேண்டுமா? கடைகளில் வளைந்து நெளியும் நீண்ட கையுள்ள தாங்கிகளே கண்ணைக் கவர்கின்றன. நமது சாலைகளில் அவையே முதலில் விழுகின்றன. வாங்குவோர் கைப்பேசியைக் கவ்வும் வாயைத்தான் இழுத்துப் பார்க்கிறார்கள். வண்டியைப் பற்றும் அடியைப் பார்ப்பதில்லை. தறியின் கால் ஆடினால் நாடா எவ்வளவு உயர்ந்ததாயினும் துணி சீராக அமையுமா?

காற்றுத் துவாரத்தின் தகடுகளில் மாட்டும் வகை குளிர்சாதனமுள்ள காருக்கு நல்லதே. குளிர்ந்த காற்று கைப்பேசியையும் ஆற்றுகிறது. ஆயினும் மெல்லிய பிளாஸ்டிக் தகடுகள் கனத்த கைப்பேசியைத் தாங்கிக் குலுங்கினால் முறிந்துவிடும். குளிர்சாதனமில்லாத வண்டிக்கு அதனால் பயனில்லை. காந்த வகையில், கைப்பேசியின் முதுகில் ஒட்டிய இரும்புத் தகடே வெயிலில் நழுவுகிறது.

இரட்டைப் பக்க ஒட்டுநாடாவால் முன்பலகையில் பதியும் குட்டைத் தாங்கியை நாம் இகழமாட்டோம். ஆனால் உயர்ந்த ரக நாடாவும் முழுப் பிடிப்பை அடைய 72 மணி நேரம் வேண்டும். நம்மவர் ஒட்டிய ஐந்தாம் நிமிஷத்தில் கைப்பேசியை ஏற்றிவிட்டு நாடாவைக் குறை கூறுகின்றனர். சமதளமான இடத்தை ஸ்பிரிட்டால் துடைத்து, நிழலில் ஒட்டி, மூன்று நாள் வெறுமனே விட வேண்டும். மினுமினுப்புக்காக ‘பாலிஷ்’ பூசிய பலகையிலும், சொரசொரப்பான பலகையிலும் எந்த நாடாவும் நிலைக்காது. கரடுமுரடான பாதையில் நாள்தோறும் ஓடும் சரக்கு வண்டிக்கோ திருகாணியால் இறுக்கும் வகையே மேல் என்பது நமது உறுதியான அபிப்பிராயம். கம்பிகள் ஓடும் இடத்தைத் தவிர்த்து மெக்கானிக்கைக் கொண்டே துளையிடுதல் வேண்டும். காற்றுப்பை உள்ள வண்டியில் அது விரியும் இடத்தை நெருங்கவே கூடாது.

எங்கே வைப்பது என்பதும் சிறிய விஷயமன்று. ஆப்பிள் நிறுவனம் தன் கைப்பேசிகளைச் சுற்றுப்புறச் சூடு 35 பாகைக்கு மேற்படாத இடத்தில் உபயோகிக்கும்படி கூறுகிறது. சூடேறினால் திரை மங்கும், மின்னேற்றமும் நின்றுபோகும். முன் கண்ணாடியின் நடுவில் மாட்டினால் வெயிலும் நேரே விழும், பாதையும் மறையும். ஸ்டியரிங்கின் இடப்புறம், பலகையின் தாழ்ந்த பகுதியே ஏற்றது. சட்டமும் இதில் வாளாவிருக்கவில்லை. 2019-இல் திருத்தப்பட்ட மோட்டார் வாகனச் சட்டம், ஓட்டும்போது கைப்பேசியைக் கையாளுவதை ஆபத்தான ஓட்டுதல் என்றே கொள்கிறது. 2020 அக்டோபர் 1 முதல் நடைமுறைக்கு வந்த விதி, கவனம் சிதறாத வகையில் வழி பார்ப்பதற்கு மட்டும் இடந்தருகிறது. தாங்கி விழுந்துபோய்க் கைப்பேசியைத் தொடைமேல் வைத்து ஓட்டுபவர் பிடிபட்டால், அபராதச் சீட்டு அவர் பெயருக்கே வரும். மலிவாக வாங்கித் தந்த நிர்வாகக் குழுவின் பெயருக்கு வராது.

இங்கே நம் துறையின் பங்கையும் மறைக்காமல் கூற வேண்டும். மூன்று விலைப்புள்ளிகளில் குறைந்ததை ஏற்க வேண்டும் என்ற பழக்கத்தைச் சங்கங்களின் மனத்தில் ஆழ ஊன்றியவர்கள் நம்மைப் போன்ற ஆய்வாளர்களே. பெருங்கொள்முதலில் அது ஊழலைத் தடுக்கும் வேலி. அதை நாம் மறுக்கவில்லை. ஆனால் செயலாளர், 600 ரூபாய்த் தாங்கியை வாங்கினால் ‘ஏன் மலிவானதை வாங்கவில்லை’ என்று கேட்பார்களே என அஞ்சி, 150 ரூபாய்ச் சாமானை ஐந்து முறை வாங்கி 750 ரூபாய் செலவழித்தார். ஒரு முறை கூட எவரும் கேள்வி கேட்கவில்லை; நாம் கேட்டதும் ஐந்தாவதற்குப் பிறகுதான். குறைந்த விலை என்பதை ஒரு நாளைக்குரிய விலையாகக் கணக்கிடாமல், ஓராண்டுக்குரிய விலையாகக் கணக்கிடும் உரிமை சங்கத்துக்கு உண்டென்று நாம் வெளிப்படையாக எழுதித் தர வேண்டும். அன்றியும், பொருளை உபயோகிக்கும் ஓட்டுநரைக் கலக்காமல் அதனை வாங்குவது முறையன்று. அந்த ஓட்டுநருக்கு முதல் தாங்கி விழுந்த அன்றே காரணம் தெரிந்திருந்தது. அவரைக் கேட்டவர்தாம் இல்லை.

ஈரோட்டுக் கடைக்கு அவருடனேயே சென்றோம். கடைக்காரர் பளபளப்பானதை எடுத்து வைத்தார். ஓட்டுநரோ ஒவ்வொன்றிலும் தம் கைப்பேசியை உறையோடு மாட்டி, கீழே துண்டை விரித்து, அடியைப் பிடித்துப் பலமாக உதறினார். இரண்டு அங்கேயே துண்டில் விழுந்தன. கையைத் திருப்பும் மூட்டில் இறுக்கும் வளையம் உண்டா, கீழே தாங்கும் கால்கள் உண்டா, தேய்ந்த ரப்பரை மாற்ற முடியுமா என்று பார்த்தார். 580 ரூபாய்க்குக் குட்டைக் கையும் திருகாணி அடியும் உள்ள ஒன்று தேறியது. ஒன்றுக்கு மேல் வாங்க வேண்டாமென்றும், கோடை முழுவதும் ஓட்டிப் பார்த்த பிறகே மற்ற வண்டிக்கு வாங்கலாமென்றும் அவரே சொன்னார்.

நமது குறிப்பின்கீழ் ‘ஆட்சேபணை கைவிடப்பட்டது’ என்று எழுதினோம். கைப்பேசிக் கண்ணாடிக்கு ஓட்டுநர் செலவிட்ட 2,400 ரூபாயை நிர்வாகக் குழுவின் பரிசீலனைக்கு வைக்குமாறு இன்னொரு குறிப்பையும் சேர்த்தோம். எந்தச் செலவுத் தலைப்பில் கொடுப்பது என்று இரண்டு கூட்டங்களில் விவாதித்து, இறுதியில் வாகனப் பராமரிப்பில் சேர்த்துக் கொடுத்தார்கள். இவ்வாண்டு வைகாசியில் மீண்டும் அச்சங்கத்துக்குச் சென்றோம். தாங்கி அதே இடத்தில் இருந்தது. வாகனக் கோப்பில் அதன் பெயரால் ஒரேயொரு புதிய வவுச்சர்: ரப்பர்ப் பட்டை மாற்றியது, ரூ. 20.