அப்பீல் தள்ளுபடி: தூங்கியது யார்?



"கேஸைப் போட்டுட்டுத் தூங்கினா கோர்ட்டு என்ன செய்யும்?" என்று நம் குடும்பக் குழுவில் ஒருவர் எழுதியிருந்தார். எனக்கு இது சம்மதமில்லை.

உரிமையியல் நடைமுறைச் சட்டம், கட்டளை 41, விதி 17: விசாரணை நாளில் மேல்முறையீட்டாளர் தரப்பில் யாரும் ஆஜராகாவிட்டால் அப்பீலைத் தள்ளுபடி செய்யலாம். 'செய்யலாம்' என்றுதான் இருக்கிறது, 'செய்ய வேண்டும்' என்றில்லை. என்னிடம் இலக்கணம் படித்தவர்களுக்கு வித்தியாசம் தெரியும்.

கம்பத்தில் திராட்சைக்கு மருந்தடிக்கிற சம்சாரி, கட்டையும் பீஸையும் வக்கீலிடம் கொடுத்துவிட்டு, "கூப்பிடும்போது வாங்க" என்ற சொல்லை நம்பித் தோட்டத்துக்குப் போகிறார். வக்கீல் வராத ஒரு வாய்தாவில் அப்பீல் போய்விடுகிறது. மறுபடி கோப்பில் எடுக்க மனுப்போட 30 நாள்தான். தள்ளுபடியானதே தெரியாமல் அதுவும் ஓடிவிடும். பிறகு தாமதத்துக்குத் தனி மனு, தனிச் செலவு.

வக்கீல் வராததற்குக் கட்சிக்காரரைத் தண்டிக்கக் கூடாது என்று 1981-இல் ரபீக் எதிர் முன்ஷிலால் வழக்கில் உச்ச நீதிமன்றமே சொல்லி, தள்ளுபடியான அப்பீலை உயிர்ப்பித்தது. அதற்கு அவர் டெல்லி வரை போக வேண்டியிருந்தது!

தடையாணை வாங்கிக்கொண்டு இழுத்தடிக்கிறவர்களும் உண்டு. அவர்கள்மேல் எனக்கு இரக்கமில்லை. ஆனால் அப்பீல் மனுவிலேயே முகவரி இருக்கிறதே, தள்ளுபடிக்கு முன் அதற்கு ஒரு தபால் போட்டால் என்ன? தபால் கிடைத்தும் வராதவரைத் தள்ளுங்கள்.

வழக்கு உள்ளவர்கள் 16 இலக்க சி.என்.ஆர். எண்ணை வக்கீலிடம் கேட்டு வாங்குங்கள். இ-கோர்ட்ஸ் செயலியில் வாய்தா தெரியும். பெரியவர்களுக்கு நீங்கள் பார்த்துச் சொல்லுங்கள், பிள்ளைகளா.