ஆடுகளத்தில் வாழும் சொல்

ஒரு மொழி எங்கே வாழ்கிறது? அகரமுதலியிலா? ஆட்சிமன்றத்திலா? கனடா நாட்டின் கியூபெக்கு மாநிலத்துப் பிரெஞ்சு மக்கள் இவ்வினாவுக்குப் பனித்தரையில் விடை கண்டனர்.

பனித்தள வளைகோலாட்டம் அம்மக்களின் உயிராட்டம். ஆனால், அதன் விதிநூலும் வாணிகமும் ஆங்கிலத்தின் கையில் இருந்தன. வீட்டில் தாய்மொழி பேசிய இளைஞன், வளைகோலைக் கையிலெடுத்ததும் வேற்றுமொழிச் சொற்களையே வழங்கினான். கால் அவனுடையது, கோல் அவனுடையது, சொல் மட்டும் பிறருடையது!

1952 அக்தோபர் 11-ஆம் நாள் மாண்டிரியல் அரங்கிலிருந்து கனடாவின் முதல் வளைகோலாட்டத் தொலைக்காட்சி ஒளிபரப்பு நிகழ்ந்தது. அதனைப் பிரெஞ்சில் வண்ணித்தவர் இரெனே இலெக்கவாலியே. ஆட்டத்தில் உருளும் வட்டுக்கு 'உரோந்தெல்' என்றும், ஓங்கி அடிக்கும் அடிக்கு 'இலான்சே பிராப்பே' என்றும் தம் மொழிச் சொற்களையே ஆண்டு, அவற்றை மக்கள் நாவில் ஊன்றியவர் அவர்.

ஆயினும் அவர் ஆட்டக்காரர் அல்லர். களத்தில் வியர்வை சிந்தியவனே அச்சொற்களைச் சொன்னாலன்றோ 'இவை ஏட்டுச் சொற்கள்' என்னும் ஏளனம் அடங்கும்!

அவ்விடத்தை நிரப்பியவர் சீல் திரெம்பிளே. மாண்டிரியல் கனேடியன் அணியின் இடப்பக்க முன்னாட்டக்காரர்; 509 ஆட்டங்களில் 168 இலக்குகள் எய்தியவர். மூச்சிழுப்பு நோய் 1969-இல் அவரைக் களத்திலிருந்து வெளியேற்றியது. பனித்தளத்தை இழந்தவர் ஒலிவாங்கியைப் பற்றினார். 1970-களின் தொடக்கத்தில் இலெக்கவாலியேயின் அருகே அமர்ந்து, ஆட்டத்தின் உள்நுட்பங்களை ஆடியவனுக்கே உரிய தெளிவோடு பிரெஞ்சில் விளக்கினார். கால் நூற்றாண்டுக்கு மேல் அப்பணி தொடர்ந்தது. ஆங்கிலம் கோலோச்சும் வளைகோலாட்ட உலகமே 1984-இல் இலெக்கவாலியேவுக்கும் 2002-இல் திரெம்பிளேவுக்கும் பாசுட்டர் எவிட்டு நினைவு விருதளித்துப் பெருமைப்படுத்தியது. திரெம்பிளே 2014-இல் மறைந்தார்.

கியூபெக்கின் பிரெஞ்சுமொழிப் பட்டயச் சட்டம் பிறந்தது 1977-இல். அதற்கு இருபத்தைந்து ஆண்டுகளுக்கு முன்னரே வளைகோலாட்டச் சொற்கள் வீட்டுக் கூடங்களில் பிரெஞ்சில் ஒலித்தன. சட்டம் பின்னே வந்தது. சொல் முன்னே சென்றது.

வெற்றி முழுமையானதன்று. ஆட்டத்தின் பெயர் இன்றளவும் ஆங்கிலப் பெயரே. தெருவில் ஆடும் சிறுவர் வாயில் பழைய ஆங்கிலச் சொல்லும் வழங்கவே செய்கிறது. எனினும், 'எம்மொழியில் இவ்வாட்டத்தைச் சொல்ல இயலாது' என்று இனி எவனும் கூறவியலாது. அந்தப் பொய் இறந்துவிட்டது, அதுவே பெருவெற்றி.

அறிஞன் சொல்லை ஆக்கலாம். அதற்கு உயிரூட்டுபவன் தொழிலறிந்தவன். இலக்கை நோக்கி வட்டு பாயும் அந்த நொடியில், எண்ணிப் பார்க்க நேரமின்றித் தானே நாவில் எழும் சொல் எதுவோ, அதுவே ஓர் இனத்தின் மொழி. அந்த நொடியைத் தாய்மொழிக்கு ஈட்டித் தருபவன் எவனோ, அவனே மொழிக்காவலன்!