திட்டித் திருத்த முடியாது

குடிப்பவரைப் பற்றி நம் ஊரில் எல்லோரிடமும் ஒரு தீர்ப்பு தயாராக இருக்கிறது. “அவனாவது திருந்துறதாவது! நாலு பேர் முன்னாடி நிக்க வெச்சுக் கேட்டாத்தான் புத்தி வரும்.” மாமனார் சொல்கிறார், பஞ்சாயத்துப் பெரியவர் சொல்கிறார், காவல் நிலைய ஏட்டும் சொல்கிறார். அவர்களை விட்டுவிடலாம், மனநல வேலை அவர்கள் தொழில் அல்ல. ஆனால் மறுவாழ்வு மையத்தில் சம்பளம் வாங்கும் ஆலோசகரும் இதையே கொஞ்சம் படித்த சொற்களில் சொல்கிறார்: “தனக்குப் பிரச்சினை இருப்பதையே மறுக்கிறார். முதலில் அந்த மறுப்பை உடைக்க வேண்டும்.” உடையாவிட்டால் கோப்பில் ‘ஒத்துழைப்பு இல்லை’ என்று எழுதி மூடிவிடுகிறார்.

இந்த நம்பிக்கையைத்தான் எதிர்க்கிறேன். குடிநோயாளியின் பிடிவாதம் அவருடைய குணம், அதை உடைத்தால்தான் சிகிச்சை தொடங்கும் என்ற எண்ணம் தவறானது, ஆபத்தானதும்கூட. ஆலோசனை அறையில் நாம் காணும் எதிர்ப்பில் பெரும்பங்கு ஆலோசகர் பேசும் விதத்தால் வளர்கிறது. ஆகவே அதைத் தணிக்கும் பொறுப்பும் ஆலோசகருடையதே.

உடைக்கும் வைத்தியத்துக்கு ஒரு வரலாறு உண்டு. 1958இல் கலிஃபோர்னியாவில், குடியிலிருந்து மீண்ட சார்ல்ஸ் டெடெரிக் என்பவர் சினனான் என்ற அமைப்பைத் தொடங்கினார். அங்கே ‘கேம்’ என்றொரு கூட்டம் நடக்கும். வட்டமாக உட்கார்ந்து, ஒருவரைக் குறிவைத்து, மற்றவர்கள் கத்துவார்கள், ஏசுவார்கள், அவமானப்படுத்துவார்கள். அவர் நொறுங்கி அழுதால் குணமாகத் தொடங்கிவிட்டார் என்று பொருள். தவறு செய்தவருக்கு மொட்டை அடிப்பதும் நடந்தது. பத்திரிகைகள் புகழ்ந்தன, அமெரிக்காவின் பல போதை மீட்பு இல்லங்கள் அந்த முறையைக் கைக்கொண்டன. சினனானின் முடிவு என்ன? தங்களுக்கு எதிராக வழக்காடிய வழக்கறிஞர் பால் மொராண்ட்ஸின் அஞ்சல் பெட்டியில் அந்த அமைப்பின் ஆட்கள் 1978இல் நச்சுப்பாம்பை வைத்தார்கள். பாம்பு கடித்தும் அவர் உயிர் தப்பினார். 1991இல் சினனான் கலைந்தது. அமைப்பு ஒழிந்த பிறகும் அதன் பேச்சுமுறை உலகம் முழுவதும் பல மையங்களில் உயிரோடு இருக்கிறது.

மோதல் முறையை ஆதரிப்பவர்கள் சிலர், குடியிலிருந்து மீள்வோரின் ஆல்கஹாலிக்ஸ் அனானிமஸ் இயக்கத்தைத் துணைக்கு அழைப்பதுண்டு. 1939இல் வெளிவந்த அதன் அடிப்படை நூலைப் படித்தவர்கள் அப்படிச் சொல்ல மாட்டார்கள். புதிதாக வருபவருக்கு உபதேசம் செய்யாதே, அவரை நெருக்காதே, உன் அனுபவத்தைச் சொல், விருப்பமிருந்தால் அவர் வரட்டும் என்பதுதான் அந்த நூல் காட்டும் வழி.

ஆய்வுகள் என்ன சொல்கின்றன? 1980இல் உளவியலாளர் வில்லியம் மில்லரும் அவருடன் பணியாற்றியவர்களும் ஓர் ஆய்வை வெளியிட்டார்கள். அதிகம் குடிப்பவர்களுக்கு ஒன்பது ஆலோசகர்கள் ஒரே வகைச் சிகிச்சையை அளித்தார்கள். யாரிடம் சென்றவர்கள் குடியைக் குறைத்தார்கள் என்று பார்த்தபோது, நோயாளியின் நிலையைப் புரிந்துகொண்டு கேட்கும் திறன் எந்த ஆலோசகருக்கு அதிகமோ அவரிடம் சென்றவர்களே அதிகம் முன்னேறியிருந்தார்கள். சிகிச்சை ஒன்றுதான்; கேட்ட காது வேறு.

1985இல் ஓரிகனில் ஜெரால்ட் பேட்டர்சனும் மரியன் ஃபோர்காட்சும் இதை இன்னும் நேரடியாகச் சோதித்தார்கள். அடங்காத பிள்ளைகளின் தாய்மார்களுடன் பேசும்போது, ஆலோசகர்கள் சிறிது நேரம் போதித்தும் கண்டித்தும் பேசினார்கள். பிறகு ஆதரவாகப் பேசினார்கள். மறுபடி கண்டிப்புக்குத் திரும்பினார்கள். கண்டிக்கும்போது எதிர்ப்பு ஏறியது, ஆதரவாகப் பேசும்போது இறங்கியது, மறுபடி கண்டித்தபோது மறுபடி ஏறியது. அதே தாய், அதே அறை. எதிர்ப்பு அந்தத் தாயின் மாறாத குணமாக இருந்திருந்தால் இப்படி ஏறி இறங்கியிருக்காது.

1993இல் மில்லர் குழுவினர் 42 குடிப்பழக்கக்காரர்களைக் கொண்டு செய்த ஆய்வு இந்த விவாதத்தை முடித்து வைத்திருக்க வேண்டும். ஆலோசகர் எவ்வளவுக்கு மோதினாரோ, அவரிடம் வந்தவர் ஓராண்டு கழித்து அவ்வளவுக்கு அதிகமாகக் குடித்தார். திட்டு வீணாய்ப் போனது என்றால்கூடப் பொறுத்துக்கொள்ளலாம். திட்டு அதிகமான இடத்தில் குடியும் அதிகமாக இருந்தது என்பதுதான் கணக்கு.

இதன் காரணம் மனித இயல்பிலேயே இருக்கிறது. தன் சுதந்திரம் பறிக்கப்படுவதாக உணரும் மனிதர், பறிக்கப்படும் அந்த ஒன்றையே இறுகப் பிடிப்பார் என்று உளவியலாளர் ஜாக் பிரெம் 1966இல் விளக்கினார். இதில் குடிப்பவர், குடிக்காதவர் என்ற வேறுபாடு இல்லை. மறுக்கும் குணம் என்று ஒன்று குடிநோயாளிகளுக்கு மட்டும் தனியாக இருப்பதை ஆய்வுகள் காட்டவும் இல்லை. குடியை விட வேண்டும் என்ற எண்ணமும், விட முடியாது என்ற எண்ணமும் குடிப்பவருக்குள் ஒரே நேரத்தில் இருக்கின்றன. ஆலோசகர் ‘விட்டே ஆக வேண்டும்’ என்ற பக்கத்தை எடுத்துக்கொண்டு வாதாடினால், வந்தவருக்கு மிஞ்சுவது எதிர்ப் பக்கம்தான். குடிப்பதற்கான காரணங்களை அவர் தன் வாயாலேயே ஒவ்வொன்றாக அடுக்குகிறார். மனிதர்கள் பிறர் சொல்வதைவிடத் தாங்கள் சொன்னதையே அதிகம் நம்புவார்கள். ஒரு மணி நேரம் வாதாடி ஆலோசகர் சாதித்தது, வந்தவரைக் குடியின் வழக்கறிஞராக்கியது மட்டுமே.

‘மறுப்பு’ என்று நாம் முத்திரை குத்துவதற்குள் பல காரணங்கள் ஒளிந்திருக்கின்றன. நிறுத்தினால் கை நடுங்கும், தூக்கம் போகும், வலிப்புகூட வரும் என்பதை அவர் அனுபவித்து அறிந்திருக்கிறார். முன்பு ஒரு மையத்தில் பட்ட அடி நினைவில் இருக்கிறது. தான் சொல்வது மனைவி காதுக்கும் முதலாளி காதுக்கும் போய்விடுமோ என்ற பயம் இருக்கிறது. பிள்ளைகள் முகத்தில் விழிக்க முடியாத வெட்கம் இருக்கிறது. இவற்றையெல்லாம் கேட்டறியாமல் ‘ஒத்துழைப்பு இல்லை’ என்று எழுதுவது சோம்பேறித்தனம். அமெரிக்கக் குடும்பநல ஆலோசகர் ஸ்டீவ் டி ஷேசர், எதிர்ப்பு என்ற கருத்தே செத்துவிட்டது என்று 1984இலேயே எழுதினார். எதிர்ப்பு என்று நாம் பார்ப்பது, எப்படி உதவினால் தன்னால் ஏற்க முடியும் என்று வந்தவர் நமக்குக் காட்டும் விதம் என்பது அவர் வாதம்.

அப்படியானால் என்ன செய்வது? மில்லரும் பின்னர் ஸ்டீஃபன் ரோல்னிக்கும் வளர்த்தெடுத்த மோட்டிவேஷனல் இன்டர்வியூயிங் என்ற உரையாடல் முறை இதற்குத் தெளிவான வழி தருகிறது. மனைவி இழுத்துவந்த ஒருவர் எதிரே உட்கார்ந்து சொல்கிறார் என்று வைத்துக்கொள்வோம்: “எனக்கு ஒண்ணும் இல்ல சார். உடம்பு வலிக்கு ராத்திரி ஒரு குவார்ட்டர் போடுறேன். இவதான் பெரிசு பண்றா.” வழக்கமான ஆலோசகர் உடனே ஈரல் படத்தைக் காட்டுவார், பிள்ளைகளின் பள்ளிக் கட்டணத்தைக் கேட்பார். வந்தவர் கையைக் கட்டிக்கொண்டு சுவரைப் பார்ப்பார்.

தேர்ந்த ஆலோசகர் இப்படித் தொடங்குவார்: “உங்களுக்கு இங்கே வர விருப்பமே இல்லை. அப்படியும் வந்திருக்கீங்க.” பிறகு மௌனமாக இருப்பார். பெரும்பாலும் அடுத்த வாக்கியம் வந்தவரிடமிருந்தே வரும்: “அவ அழுதா சார், அதான் வந்தேன்.” அங்கே ஒரு கதவு திறக்கிறது. “அவங்க அழுறது உங்களைப் பாதிக்குது” என்று அவர் சொன்னதையே ஆலோசகர் திருப்பிச் சொல்வார். சிறிது நேரம் கழித்து ஒரு கேள்வி: “குடியைக் குறைக்கிறது உங்களுக்கு எவ்வளவு முக்கியம்? 0 முதல் 10க்குள் ஒரு எண் சொல்லுங்க.” அவர் மூன்று என்கிறார். ஏன் பத்து இல்லை என்று கேட்டால் சாக்குகள் கொட்டும். “ஏன் 0 சொல்லாம 3 சொன்னீங்க?” என்று கேட்டால், விடுவதற்கான காரணங்களை அவரே தேடிச் சொல்ல வேண்டியிருக்கும். அந்தக் காரணங்கள் அவருடையவை. யாரும் திணித்தவை அல்ல.

முடிவு அவர் கையில் இருக்கிறது என்பதையும் வெளிப்படையாகச் சொல்ல வேண்டும். “குடிக்கறதா விடுறதாங்கறதை நீங்கதான் முடிவு பண்ணணும், நான் பண்ண முடியாது” என்பது பெருந்தன்மைக்காகச் சொல்லும் சொல் அல்ல. அதுதான் உண்மை நிலவரம். ரத்தப் பரிசோதனை முடிவைச் சொல்வதற்கும் தடையில்லை: “உங்க ரிப்போர்ட்டைப் பத்திச் சொல்லலாமா?” என்று அனுமதி கேட்டு, உள்ளதை உள்ளபடி சொல்லி, “நீங்க என்ன நினைக்கிறீங்க?” என்று கேட்டால் போதும். நடுவில் அவர் முகம் இறுகினால், அது ஆலோசகருக்கு வந்த எச்சரிக்கை. “நான் கொஞ்சம் வற்புறுத்திட்டேன் போல” என்று சொல்லிப் பின்வாங்கத் தெரிய வேண்டும்.

இது மாயமந்திரம் என்று நான் சொல்லவில்லை. 1,726 குடிநோயாளிகளை வைத்து அமெரிக்காவில் நடந்த புராஜெக்ட் மேட்ச் ஆய்வின் முடிவு 1997இல் வந்தது. இந்த அணுகுமுறையை அடிப்படையாகக் கொண்ட நான்கு அமர்வுகள், பன்னிரண்டு வார அமர்வுகள் கொண்ட மற்ற இரு சிகிச்சைகளுக்கு ஏறத்தாழ இணையான பலனைத் தந்தன. மரியாதையாகப் பேசியதால் யாரும் எதையும் இழக்கவில்லை.

குடும்பங்களுக்கும் இதே பாடம்தான். வெர்னான் ஜான்சன் என்ற அமெரிக்கப் பாதிரியார் 1970களில் பரப்பிய முறையில், உறவினர்கள் முன்னறிவிப்பின்றித் திரண்டு, குடிப்பவரை உட்காரவைத்து, அவரால் பட்ட துயரங்களை அடுக்கி, சிகிச்சைக்கு வரச் சொல்லி நெருக்குவார்கள். நம் ஊர் நாலு பேர் பஞ்சாயத்துக்கு இது தூரத்து உறவு. நியூ மெக்சிகோவைச் சேர்ந்த ராபர்ட் மேயர்ஸ் உருவாக்கிய கிராஃப்ட் முறை வேறு வழியில் போகிறது. குடிக்காமல் இருக்கும் நேரத்தில் அன்பாகப் பேசு, சேர்ந்து சாப்பிடு. குடித்துவிட்டு வந்தால் சண்டை போடாமல் விலகிக்கொள். அவர் குடியால் வரும் விளைவுகளை நீ மூடி மறைக்காதே. ஆபத்து வந்தால் எங்கே போவது என்று முன்கூட்டியே திட்டமிடு. அவரே வருந்தும் நேரம் பார்த்துச் சிகிச்சைக்கு அழை. 130 குடும்பத்தினரைக் கொண்டு 1999இல் வெளியான ஆய்வில், சிகிச்சையே வேண்டாம் என்றிருந்தவர்களில் 64 விழுக்காட்டினர் கிராஃப்ட் வழியில் சிகிச்சைக்கு வந்தார்கள். ஜான்சன் முறையில் வந்தவர்கள் 30 விழுக்காடு மட்டுமே; குடும்பங்கள் பலவும் அந்த மோதல் கூட்டத்தை நடத்தவே துணியவில்லை.

நம் ஊரில் நடப்பது இவற்றையெல்லாம் விடக் கொடுமை. நள்ளிரவில் வேன் வந்து நிற்கும். நான்கு பேர் இறங்கி, கையைக் காலைப் பிடித்துத் தூக்கிப் போவார்கள். உரிமமற்ற மையங்களில் அடிபட்டு இறந்தவர்களைப் பற்றித் தமிழ்நாட்டுப் பத்திரிகைகளில் செய்தி வந்தது ஒருமுறை மட்டும் அல்ல. சுவரொட்டிகள் ‘அவருக்குத் தெரியாமலே குடியை மறக்கச் செய்யலாம்’ என்று அழைக்கின்றன. குடியோடு சேர்ந்தால் கடுமையான எதிர்வினையை உண்டாக்கும் டைசல்ஃபிரம் போன்ற மாத்திரையைச் சொல்லாமல் குழம்பில் கலந்து கொடுத்தால், அவர் குடிக்கும்போது ரத்த அழுத்தம் வீழ்ந்து உயிரே போகலாம். 2017ஆம் ஆண்டு மனநலப் பாதுகாப்புச் சட்டம், மது, போதையால் வரும் மனநலக் கோளாறுகளையும் தன் வரம்புக்குள் கொண்டுவந்துள்ளது. கொடூரமான, இழிவுபடுத்தும் நடத்தையிலிருந்து பாதுகாப்புப் பெறுவது நோயாளியின் உரிமை என்கிறது. சங்கிலியால் கட்டுவதைத் தடை செய்கிறது. சட்டம் இருந்தும் இது நடப்பதற்குக் காரணம், ‘அடித்தால்தான் திருந்துவான்’ என்று அந்தத் தெருவே நம்புவதுதான்.

“என் தம்பியை அப்படித்தான் திருத்தினோம்” என்று சிலர் சொல்வார்கள். அந்தத் தம்பி திருந்தியதில் எனக்கும் மகிழ்ச்சிதான். ஆனால் அதே போன்ற மையத்தில் அடிபட்டு வெளியே வந்து, சிகிச்சை என்ற சொல்லைக் கேட்டாலே ஓடுகிறவர்கள் சாட்சி சொல்ல வருவதில்லை. தப்பிப் பிழைத்தவரை மட்டும் எண்ணி ஒரு முறையை நியாயப்படுத்தக் கூடாது.

“அப்படியானால் அவன் மனைவியை அடிப்பதையும் பொறுத்துக்கொள்ளவா?” என்ற கேள்வி நியாயமானது. வேண்டாம். அடிக்கும் கணவனிடமிருந்து விலகுவதும், காவல்துறையை அழைப்பதும், 2005ஆம் ஆண்டு குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டத்தின் உதவியை நாடுவதும் அவளுடைய உரிமை. அவளுடைய பாதுகாப்பு எந்தச் சிகிச்சைக்கும் முந்தியது. வன்முறைக்கு எல்லை வகுப்பது சட்டத்தின் வேலை. மனம் மாறத் துணை நிற்பது ஆலோசகரின் வேலை. இரண்டாவதைச் செய்ய வேண்டியவர் முதலாவதின் தடியைக் கையில் எடுத்தால் இரண்டும் கெடும்.

ஆலோசகர்களே, ‘ஒத்துழைப்பு இல்லை’ என்ற சொற்களை உங்கள் கோப்புகளிலிருந்து எடுத்துவிடுங்கள். அந்த இடத்தில் அன்று நீங்கள் என்ன கேட்டீர்கள், அவர் என்ன சொன்னார், எந்தச் சொல்லில் அவர் முகம் மாறியது என்று எழுதுங்கள். குடும்பத்தாரே, மையத்தைத் தேர்ந்தெடுக்கும்போது அங்கே மருத்துவர் இருக்கிறாரா, பதிவு இருக்கிறதா, நோயாளியை நீங்கள் நேரில் பார்க்க விடுவார்களா என்று கேளுங்கள். ‘நாங்க பாத்துக்கறோம், நீங்க ஆறு மாசம் வராதீங்க’ என்று சொல்லும் இடத்திலிருந்து உடனே வெளியேறுங்கள். அரசு, பதிவில்லாத மையங்களை மூட வேண்டும். பதிவுள்ளவற்றில் வேலை செய்யும் ஒவ்வொரு ஆலோசகருக்கும் கேட்கும் பயிற்சியைக் கட்டாயமாக்க வேண்டும். குடிநோய்க்கு மருந்து உண்டு, சிகிச்சை உண்டு, மீண்டவர்கள் உண்டு. அவமானம் அந்தச் சிகிச்சையின் பகுதியாக இருக்கக் கூடாது.