பழைய காரின் கைப்பிறேக்

மலைநாட்டு நகரங்களிலே பழைய மோட்டார் கார் வைத்திருப்போர் பலருடைய வாகனத்தில் ஒரு கருங்கல்லோ மரக்கட்டையோ தவறாது இடம்பிடித்திருக்கும். மேடான தெருவில் கார் நின்றதும் வீட்டுப் பிள்ளைகளுள் ஒன்று அதனை எடுத்துக்கொண்டு கீழே குதிக்கும். சில்லின் அடியில் கல்லை வைத்த பின்னரே தகப்பனார் காற்பிறேக்கிலிருந்து காலை எடுப்பார். இதனை முன்யோசனை என்பார்கள். கைப்பிறேக் நன்றாக இருந்து, அதற்கு மேலும் ஒரு பாதுகாப்பாகக் கல் வைக்கப்படுமாயின் அது முன்யோசனைதான். ஆனால் பல வீடுகளில் அந்தக் கல் கைப்பிறேக்குக்குத் துணையாக அன்று, கைப்பிறேக்குக்குப் பதிலாகவே பயணஞ் செய்கின்றது. உருளக் காத்திருக்கும் ஒரு காரின் பின்னே கல்லும் கையுமாகக் குனிந்து நிற்பது எம் பிள்ளை என்பதை எவரும் எண்ணிப் பார்ப்பதில்லை.

இவ்வாரம் தேய்ந்துபோன கைப்பிறேக் கேபிள்களை வீட்டிலேயே மாற்றும் முறையைக் கூறப் புகுகின்றோம். எடுத்துக்காட்டாக மொறிஸ் மைனர் காரைக் கொள்வோம். அலெக் இசிகோனிஸ் என்னும் பொறியியலாளர் வடிவமைக்க, இங்கிலாந்தில் ஒக்ஸ்போர்ட் நகரையடுத்த கௌலி தொழிற்சாலையில் 1948ஆம் ஆண்டு தொடக்கம் இக்கார் உருவாகியது. 1960ஆம் ஆண்டின் இறுதியில் அதன் தொகை பத்து இலட்சத்தை எட்டியது. ஐம்பது அறுபது ஆண்டுகள் கழிந்தும் எமது நாட்டு வீதிகளில் அது ஓடுகின்றது. 2020ஆம் ஆண்டு மார்ச்சில் நிறுத்தப்பட்ட தனியார் வாகன இறக்குமதி 2025ஆம் ஆண்டு பெப்ரவரியிலேதான் மீண்டும் அனுமதிக்கப்பட்டது. அந்த ஐந்தாண்டுக் காலத்திலே பாட்டனார் விட்டுச்சென்ற பழைய காரைத் துடைத்து மீண்டும் வீதிக்குக் கொண்டுவந்த குடும்பங்களை நாம் அறிவோம்.

கைப்பிறேக் என்பது காரை நிறுத்திவைப்பதற்கு மட்டுமே என்று எண்ணுவோர் அநேகர். இக்காலத்துக் கார்களில் காற்பிறேக்கின் எண்ணெய்க் குழாய்கள் இரு தனித்தனித் தொகுதிகளாக அமைந்துள்ளன. ஒன்று பழுதானாலும் மற்றையது ஓரளவு வேலை செய்யும். மொறிஸ் மைனரில் அவ்வாறில்லை. காற்பிறேக்கை மிதித்தால் ஒரே ஒரு முதன்மை உருளை நான்கு சில்லுகளுக்கும் எண்ணெயைத் தள்ளுகின்றது. எங்கேனும் ஒரு குழாய் வெடித்து எண்ணெய் ஒழுகினால் நான்கு சில்லுகளும் ஒருங்கே பிறேக் இழக்கும். அப்போது ஓட்டுபவருக்கு எஞ்சியிருப்பது, எண்ணெயோடு எவ்விதத் தொடர்புமின்றிப் பின்சில்லுகள் இரண்டையும் இழுத்துப் பிடிக்கும் கைப்பிறேக் ஒன்றேயாகும். கடுகண்ணாவையிலோ றம்பொடையிலோ இறங்கும் வேளையில் இரண்டு மெல்லிய உருக்கு வடங்களின் மீதே ஒரு குடும்பம் உயிர் வைத்திருக்கின்றது என்று சொன்னால் மிகையன்று.

மாணவர்களுக்கு இங்கே ஒரு கணக்கு உண்டு. கைப்பிறேக்கின் பிடி ஒரு நெம்புகோல். பிடி அசையும் முளையிலிருந்து கை பற்றும் இடம் 10 அங்குலம் என்றும், கேபிள் கொளுவப்பட்ட இடம் 2 அங்குலம் என்றும் வைத்துக்கொள்வோம். கை 20 கிலோ பாரத்துக்குச் சமனான விசையுடன் இழுத்தால் கேபிள்களின் பக்கம் அது ஐந்து மடங்காகி 100 கிலோவாகும். கேபிள் ஒன்றுக்கு 50 கிலோ. இதுவரை இலாபம். ஆனால் விசையில் ஐந்து மடங்கு பெறுவோர் தூரத்தில் ஐந்து மடங்கு கொடுத்தேயாக வேண்டும். கேபிள்கள் கால் அங்குலம் நீண்டுவிட்டால், அந்தத் தொய்வை எடுக்கவே கை ஒன்றேகால் அங்குலம் உயரவேண்டியிருக்கும். முன்பு மூன்றாம் பல்லில் இறுகிய பிடி இப்போது எட்டாம் பல்லுக்கு ஏறுவதன் காரணம் இதுவே. மற்றொரு கணக்கையும் பாருங்கள். குடும்பமும் மூட்டை முடிச்சும் ஏறிய கார் 1,050 கிலோ என்று கொண்டால், ஏழடிக்கு ஓரடி உயரும் சாய்விலே அது கீழ்நோக்கி ஏறத்தாழ 150 கிலோ விசையுடன் இழுக்கும். அந்த இழுவையை இராமுழுதும் தாங்கி நிற்பது அந்த இரு வடங்களுமே.

கேபிளின் அமைப்பு எளிது. உள்ளே பல மெல்லிய உருக்கு இழைகளை முறுக்கிய வடம். வெளியே அதற்கொரு உறை. 1896ஆம் ஆண்டிலே ஏர்னஸ்ற் பௌடன் என்பவர் காப்புரிமை பெற்ற இவ்வமைப்பையே சைக்கிளின் பிறேக்கிலும் காண்கிறோம். உறை இரு முனைகளிலும் அசையாது நின்றாற்றான் உள்வடம் இழுபடும். மழைநீரும் சேறும் உறையினுள்ளே புகுந்தால் இழைகள் துருவேறும். கரையோரப் பகுதிகளில் உப்புக்காற்றும் சேர்ந்துகொள்ளும். துருவேறிய வடம் ஒன்றில் இழையிழையாக அறும், அல்லது உறைக்குள்ளேயே இறுகி நிற்கும். ஒன்றைக் கவனித்தல் வேண்டும்: கல்லை நம்பிக் கைப்பிறேக்கை இழுக்காமலே விடுவோரின் கேபிள்களே விரைவில் இறுகுகின்றன. அசையாத வடத்தைத் துரு எளிதிற் பிடித்துக்கொள்ளும்.

பிடி உயர ஏறுகின்றது என்றவுடன் கேபிள் வாங்க ஓடுதல் கூடாது. பின்சில்லின் பிறேக் சூ தேய்ந்திருந்தாலும் பிடி உயர ஏறும். முதலிலே சூவைச் சரியாக நெருக்கிவிட்டுப் பார்த்தல் வேண்டும். பெரும்பாலும் குறை அங்கேயே தீர்ந்துவிடும். அதன் பின்னரும் பிடி தாழாவிட்டாலோ, கவர் பூட்டிய நுனியில் அறுந்த இழைகள் முள்ளுப்போல நீட்டிக்கொண்டிருந்தாலோ, பிடியை விட்ட பின்னும் சில்லு இறுகி நின்று ஓட்டத்திற் சூடேறினாலோ கேபிளை மாற்றியே தீரவேண்டும். ஓரிழை அறுந்தாலும் அது போதிய காரணமே. ஒரு பக்கத்து வடம் போயிருந்தால் மற்றையதும் அதே வயதினது. இரண்டையும் சேர்த்தே மாற்றுங்கள்.

தயாரித்த ஆண்டுக்கேற்பக் கேபிளின் நீளம் வேறுபடலாம். ஆகையாற் பழையதைக் கழற்றி, உள்வடத்தின் நீளம், உறையின் நீளம், மரையின் பருமன் ஆகிய மூன்றையும் புதியதுடன் பக்கத்திற் பக்கமாக வைத்து ஒப்பிட்ட பின்னரே பணங் கொடுத்தல் நன்று. இல்லாததைக் கொண்டு சமாளிக்கும் கலையில் எம்மவர் வல்லவர். 1990களிலே வடக்கில் எரிபொருட் தடை நிலவிய நாட்களில் பழைய ஒஸ்ரின்களும் மொறிஸ்களும் மண்ணெண்ணெயில் ஓடின. அதனைப் பெருமையுடனேயே நாம் நினைவுகூருகின்றோம். எனினும் இயந்திரம் நின்றுபோனால் நடந்து வீடு சேரலாம். பிறேக்கின் கதை வேறு. அறுந்த வடத்தைக் கட்டுக்கம்பியால் முடிவதும், வேறு வாகனத்தின் கம்பியை வெட்டி ஒட்டுவதும் இங்கே ஆகாத காரியம்.

இனி, வேலையிலேயே மிகவும் ஆபத்தான பகுதிக்கு வருவோம். அது கேபிளைக் கழற்றுவது அன்று, காரை உயர்த்துவது. கைப்பிறேக் பின்சில்லுகளையே பிடிக்கின்றது. கியரில் விட்டாலும் இயந்திரம் பிடித்துவைப்பது பின்சில்லுகளையே. பின்புறத்தை உயர்த்திய மறுகணம் இரண்டுமே பயனற்றுப்போகும். நிலத்தில் நிற்கும் முன்சில்லுகளைத் தடுக்க ஏதுமில்லை. ஆதலால் இரண்டு முன்சில்லுகளுக்கும் முன்னும் பின்னுமாக நல்ல மரக்கட்டைகளை முதலில் இறுக்கி வையுங்கள். இடம் மட்டமாகவும் கெட்டியாகவும் இருத்தல் வேண்டும். மணல் முற்றமாயின் அகலமான தடித்த பலகையைப் போட்டு அதன்மேல் ஜக்கை வையுங்கள். சில்லின் சுரைகளைக் கார் நிலத்தில் நிற்கும்போதே சற்று இளக்கிவிட்டு, உயர்த்தியபின் பின் அச்சின் கீழே, விற்களுக்கு அண்மையில், இரும்புத் தாங்கிகள் இரண்டை வைத்து அவற்றின் மீது காரை இறக்குங்கள். ஜக்கை மட்டும் நம்பிக் கீழே நுழைதல் தற்கொலைக்கு ஒப்பாகும். சீமெந்துக் கல்லும் செங்கல்லும் பாரத்தைத் தாங்குவதுபோலக் காட்டி, எச்சரிக்கையின்றி ஒரு நொடியில் நொறுங்கும். தாங்கி இல்லாத வீட்டில் இந்த வேலையைத் தொடங்கவே வேண்டாம். தாங்கியில் அமர்ந்த காரைக் கையால் நன்கு ஆட்டிப் பார்த்த பின்னரே கீழே தலையை விடலாம். பிள்ளைகள் பார்க்கட்டும், ஆனால் எட்ட நின்று பார்க்கட்டும்.

முதல்நாள் மாலையிலேயே துரு இளக்கும் எண்ணெயைச் சுரைகளிலும் ஊசிகளிலும் இட்டு வைத்தால் மறுநாள் பாதிச் சிரமம் குறையும். காரினுள்ளே முன்னாசனங்களுக்கு நடுவில் விரிப்பை அகற்றினால் பிடியின் அடியில் இரு கேபிள்களின் மரை நுனிகளும் அவற்றைப் பிடித்த சுரைகளும் தெரியும். பிடியைத் தாழ்த்திவிட்டு ஒரு பக்கத்துச் சுரையைக் கழற்றுங்கள். பின்னே, சில்லின் பின்தட்டருகில், கேபிளின் கவரைப் பிறேக் நெம்புகோலுடன் இணைக்கும் ஊசியும் அதனைக் காக்கும் கொட்டர் பின்னும் உள்ளன. பின்னை நிமிர்த்தி இழுத்து ஊசியைத் தட்டியெடுங்கள். உறையைப் பிடித்துள்ள பூட்டுகளையும் விடுவியுங்கள். இழுத்தெடுப்பதற்கு முன் ஒரு சிறு தந்திரம்: பழைய கேபிளின் முன்நுனியில் உறுதியான மெல்லிய கயிறொன்றைக் கட்டிவிடுங்கள். கேபிள் வெளியே வரும்போது கயிறு அதன் வழியே உள்ளே போய்க் கிடக்கும். புதியதை அதே கயிற்றிற் கட்டி இழுத்தால் பாதை தவறாது. கேபிள் செல்லும் வழியைக் கைத்தொலைபேசியிற் படமெடுத்து வைத்தலும் நன்று. இதனினும் நல்லது, ஒரு நேரத்தில் ஒரு பக்கத்தை மட்டும் கழற்றுவது. மற்றப் பக்கம் கண்முன்னே மாதிரியாக நிற்கும்.

சில்லைக் கழற்றியிருக்கும் இவ்வேளையில் பிறேக் டிரத்தைப் பிடித்துள்ள இரு திருகாணிகளையும் எடுத்து உள்ளேயும் பார்த்துவிடலாம். ஒரு எச்சரிக்கை மட்டும். பழைய பிறேக் சூக்களில் கல்நார் கலந்திருந்தது. அதன் தூள் நுரையீரலுக்குக் கேடு செய்து புற்றுநோயையும் விளைவிக்கும். வாயாலோ காற்றுப் பம்பாலோ ஊதுதல் கூடவே கூடாது. ஈரத் துணியால் மெல்லத் துடைத்து, அத்துணியை ஒரு பையில் இட்டுக் கட்டி எறிந்துவிடுங்கள்.

புதிய கேபிளைப் பூட்டுகையில் கூர்மையாக மடிதல் ஆகாது. புகைக்குழாயில் அது படுதலும் ஆகாது. கார் குலுங்கும்போது பின் அச்சு மேலும் கீழும் அசையுமாதலால், இரு நிலைகளிலும் கேபிள் எதிலும் உராயாதிருக்கின்றதா என்று கையால் தொட்டுப் பாருங்கள். ஊசிக்குச் சிறிது கிறீஸ் பூசுங்கள். கொட்டர் பின் புதிதாகவே இருத்தல் வேண்டும். அந்தப் பின் ஒருமுறை வளைந்து நிமிர்ந்தால் மறுமுறை முறியும். அது முறிந்து ஊசி விழுந்தால் புதுக் கேபிளும் வீணே.

பெரும்பாலோர் பொறுமை இழப்பது இறுதிக் கட்டமாகிய சரிசெய்தலிலேதான். இதிலே ஒழுங்குமுறை முக்கியம். கேபிள் இரண்டும் தொய்வாக இருக்கையில் முதலிற் பிறேக் சூவைச் சரிசெய்ய வேண்டும். டிரத்தின் முகத்திலுள்ள துளையூடாகத் திருப்புளியை விட்டு, சில்லு அசையாத அளவுக்கு வலஞ்சுழியாகத் திருகி, பின் ஒரு பல் பின்னே விடுங்கள். டிரம் தடையின்றிச் சுழலவேண்டும். அதன் பின்னரே கேபிள். பிடியை மூன்றாம் பல்லில் நிறுத்திக்கொண்டு, இரு சுரைகளையும் சிறிது சிறிதாக இறுக்கிச் சில்லுகளைக் கையாற் சுழற்றிப் பாருங்கள். சில கார்களிலே ஒரு சமன்செய்யும் துண்டு இருபக்க இழுவையையும் தானே பகிர்ந்துவிடும். மொறிஸ் மைனரில் அந்த வேலை எமது கையினுடையது. இரு சில்லுகளும் ஒரே அளவு தடையைக் கொடுக்கும்வரை அவசரப்படல் வேண்டாம். பிடியை முற்றாக விட்டால் இரண்டும் தளர்ந்து சுழல வேண்டும். சூவைத் தொடாமற் கேபிளை மட்டும் இறுக்கினால் அந்நேரத்துக்குப் பிடி தாழ்ந்து கிடக்கும்; ஆனால் சூ எப்போதும் டிரத்தை உரசிச் சூடேறும், கேபிளும் ஓயாது இழுபட்டே நிற்கும். கராஜ்களிலும் நாம் இந்தக் குறுக்குவழியைக் கண்டதுண்டு.

சில்லுகளைப் பூட்டிக் காரை இறக்கியபின் பிடியைப் பத்துப் பதினைந்து தடவை பலமாக இழுத்து விட்டு, மீண்டும் பல்லை எண்ணுங்கள். பின்னர் மெல்லிய சாய்வொன்றில், ஆளில்லாத இடத்தில், காற்பிறேக்கின் மேலே காலை ஆயத்தமாக வைத்துக்கொண்டு பரீட்சியுங்கள். காரின் முகம் மேல்நோக்கி ஒருமுறை, கீழ்நோக்கி ஒருமுறை. அதன்பின் வெறிச்சோடிய தெருவில் நடைவேகத்திற் கைப்பிறேக்கை மட்டும் இழுத்து, கார் ஒரு பக்கமாகச் சாயாமல் நேரே நிற்கின்றதா என்று பாருங்கள். புதிய கேபிள் முதற் சில நாட்களிற் சிறிது இழுபட்டு நீளும். இரண்டு கிழமை கழித்து மறுபடியும் ஒருமுறை சரிசெய்தல் வேண்டும்.

கழற்றிய பழைய கேபிளை, என்றோ உதவும் என்று கராஜின் ஆணியிலே தொங்கவிடாமல், அன்றைக்கே இரண்டாக வெட்டி எறிந்துவிடுங்கள். வெட்டும்போது கைக்குத் தடித்த துணி சுற்றிக்கொள்ளுங்கள். அறுந்த இழை ஊசியைப்போல ஏறும். பிறேக் எண்ணெயை எப்போது, எவ்வாறு மாற்றுவது என்பதை அடுத்த வாரம் எழுதுவோம்.