வரப்பு சிவில், மிரட்டல் சிவில் அன்று

2025 மார்ச் 18 அன்று, தொழுகை முடித்துத் திரும்பிய ஓய்வுபெற்ற காவல் உதவி ஆய்வாளர் ஜாகிர் உசேன் திருநெல்வேலி டவுனில் வெட்டிக் கொல்லப்பட்டார். பின்னணியில் இருந்தது வக்பு நிலத் தகராறு. தம் உயிருக்கு ஆபத்து என்றும், புகார் அளித்தும் காவல்துறை நடவடிக்கை எடுக்கவில்லை என்றும் அவர் முன்னரே காணொளியில் கூறியிருந்தார். காவல் ஆய்வாளர் பணியிடை நீக்கம் செய்யப்பட்டது கொலைக்குப் பிறகுதான்.

காக்கி உடுத்தியவருக்கே இக்கதி எனில், தாமிரபரணிப் பாசனத்தில் கால் ஏக்கர் வயலின் வரப்புக்காக மிரட்டப்படும் தலித் குடும்பத்தின் மனு என்னவாகும்? “இது சிவில் விவகாரம், கோர்ட்டுக்குப் போங்கள்” என்பது நாம் கேட்டுச் சலித்த விடை. வரப்பு யாருடையது என்பது சிவில். வெட்டுவேன் என்பது சிவில் அன்று.

வன்கொடுமைத் தடுப்புச் சட்டமோ இன்னும் ஒரு படி மேலே செல்கிறது. பட்டியல் சாதியினரின் நிலத்தையோ பாசன உரிமையையோ பிற சாதியினர் முறைகேடாகப் பறிப்பதும் அதில் தலையிடுவதும் பிரிவு 3(1)(ஜி)யின்படி குற்றம். பாதிக்கப்பட்டோரையும் சாட்சிகளையும் மிரட்டலிலிருந்து காப்பது அரசின் கடமை என்கிறது, 2016 ஜனவரி 26 முதல் நடைமுறையில் உள்ள பிரிவு 15ஏ. மனுவில் “பாதுகாப்பு வேண்டும்” என்று மட்டும் எழுதுவது போதாது. இப்பிரிவுகளையும் எழுத வேண்டும், சி.எஸ்.ஆர். ரசீதையும் விடாமல் கேட்டுப் பெற வேண்டும். கடமை தவறும் அலுவலரைத் தண்டிக்கப் பிரிவு 4 உண்டு. ஆனால் அதற்கு நிர்வாக விசாரணையின் பரிந்துரை தேவை என்பதால் அது எளிதில் நகர்வதில்லை. உயர்நீதிமன்ற மதுரைக் கிளையில் ரிட் மனு தாக்கல் செய்யும்போது அந்த ரசீதே நம் கையிலிருக்கும் முதல் ஆவணம்.