கொல்லைப்புறக் கதவுக்குப் பூட்டு எங்கே?

திண்டுக்கல் பூட்டின் பெயரை அறியாதார் இல்லை. 2019-இல் புவிசார் குறியீடும் பெற்றுவிட்டது. அந்தப் பூட்டைச் செய்யும் தொழிலாளியும், பேகம்பூர் தோல் ஷாப்பில் உழைக்கும் தோழரும் தம் பிள்ளையைப் பட்டதாரியாக்கிவிட்டுக் கேட்கிறார்கள்: "கூட்டுறவு வங்கியில் வேலை என்கிறார்களே, அது முன்வாசலில் கிடைக்குமா, கொல்லைப்புறத்தில் கிடைக்குமா?"

கேலிக்காகக் கேட்பதல்ல; பட்டறிவு கேட்க வைக்கிறது!

கூட்டுறவு யார் சொத்து? 1904-இல் சட்டம் வந்தது. அதே ஆண்டில் திரூரில் சென்னை மாகாணத்தின் முதல் கடன் சங்கம் பதிவாயிற்று. கந்துவட்டிக்காரனிடமிருந்து ஏழையை மீட்கப் பிறந்த இயக்கம் அது. பங்குத் தொகை உறுப்பினருடையது. நகைக் கடனுக்கு வட்டி கட்டுபவன் உழைப்பாளி. அங்குள்ள நாற்காலி மட்டும் சங்கத் தலைவரின் மைத்துனருக்குச் சீதனமா?

1983-ஆம் ஆண்டுக் கூட்டுறவுச் சங்கங்கள் சட்டம் இருக்கிறது. 1988-ஆம் ஆண்டு விதிகளில் 149-ஆவது விதி இருக்கிறது. கல்வித் தகுதி வேண்டும், அனுமதிக்கப்பட்ட பணியிடம் வேண்டும், வேலைவாய்ப்பு அலுவலகத்தின் வழியே ஆள் எடுக்க வேண்டும் என்கிறது விதி. ஏட்டில் இருந்தது, நாட்டில் இருந்ததா? ஆட்சிகள் மாறின, கொல்லைப்புறம் மாறவில்லை. விளம்பரமின்றி, பட்டியலின்றி ஆட்கள் நுழைந்தனர். 2001 மார்ச் 12-இல், இரண்டாண்டுகளில் 480 நாள் பணி முடித்தோரை நிரந்தரமாக்க அரசாணை பிறந்தது. வழக்கு உச்சநீதிமன்றம் வரை சென்றது. சட்டத்தை மீறிய நியமனம் செல்லாது, அரசாணை அதைச் செல்லுபடியாக்காது என்று 2004-இல் தீர்ப்பாயிற்று.

தீர்ப்பின் நெறியை வரவேற்கிறோம். ஆனால் கேட்கிறோம்: நுழைந்தவன் தண்டனை பெற்றான், கதவைத் திறந்துவிட்டவன் என்ன ஆனான்? பேரேடு எழுதி எழுதித் தலை நரைத்தவன் தெருவுக்கு வர வேண்டும். நியமன ஆணையில் கையெழுத்திட்ட கனவான் மாலையோடு மேடையில் அமர வேண்டும்! இதுவா நீதி?

2006-இல் ஐந்து நீதிபதிகள் அமர்ந்த உச்சநீதிமன்ற ஆயம், குறுக்குவழி நியமனத்துக்குத் தடை போட்டது. அதே தீர்ப்பு, தகுதியோடு அனுமதிக்கப்பட்ட இடத்தில் பத்தாண்டு உழைத்தோருக்கு ஒருமுறை வழிவிடவும் சொன்னது. தடையை உரக்கப் படித்த அதிகாரிகள், வழிவிடச் சொன்ன பகுதியை விழுங்கினர். அத்தீர்ப்பைக் கேடயமாக்கி நெடுநாள் உழைத்தவரை விரட்டக் கூடாது என்று 2024 டிசம்பரில் உச்சநீதிமன்றமே இடித்துரைக்க வேண்டியதாயிற்று.

அநீதியை எதிர்த்து வழக்காடவாவது வழி எளிதா? கூட்டுறவுச் சங்கம் அரசியல் சட்டம் கூறும் 'அரசு' ஆகாது என்று 2006-இல் சென்னை உயர்நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் தீர்ப்பளித்தனர். சட்டக் கடமை மீறப்பட்டால்தான் நீதிப்பேராணை மனுவுக்கு இடம். ஆகவே ஏழைப் பட்டதாரி முதலில் வாசற்படியைத் தாண்டவே வாதாட வேண்டும். வழக்கு அதன் பிறகுதான்!

இன்னொன்றையும் மறக்கலாகாது. 1921-இல் நீதிக்கட்சி ஆட்சி வகுப்புவாரி ஆணை தந்தது முதல், அவரவர்க்குரிய பங்கு அவரவர்க்கு என்பதே நம் கோரிக்கை. இனச்சுழற்சி முன்வாசலில்தான் உண்டு. கொல்லைப்புறத்தில் ஒருவன் நுழைந்தால், முன்வாசலில் வரிசையில் நிற்கும் தாழ்த்தப்பட்டவனின், பிற்படுத்தப்பட்டவனின் இடம் ஓசையின்றிக் களவு போகிறது.

முன்வாசல் திறக்காமலும் இல்லை. மாவட்ட ஆள்சேர்ப்பு நிலையங்கள் 2023 நவம்பரில் விளம்பரம் செய்தன. டிசம்பர் 24-இல் எழுத்துத் தேர்வு நடந்தது. திண்டுக்கல் பிள்ளைகளும் எழுதினர். நல்லது! அந்த வழியே நிலையான வழியாகட்டும்.

நாம் கேட்பது அதிகமல்ல. காலியிடங்களை ஆண்டுதோறும் அறிவியுங்கள். இடம் காலியாகவே கிடந்தால்தான் தற்காலிகம் முளைக்கிறது. எழுத்துத் தேர்வு மதிப்பெண்ணையும் நேர்முகத் தேர்வு மதிப்பெண்ணையும் தனித்தனியே ஊரறிய வெளியிடுங்கள். விதியை மீறி நியமித்தவரிடமிருந்தே நட்டத்தை வசூலியுங்கள். அவர் எக்கட்சியினராயினும் சரி, நம் கட்சியினராயினும் சரி!

தோழர்களே, நீங்களும் உறுப்பினர்கள். பேரவைக் கூட்டத்தில் காப்பியைக் குடித்துவிட்டுக் கையெழுத்திட்டுத் திரும்பாதீர்கள். "இவ்வாண்டு யாரை நியமித்தீர்? எந்த விளம்பரத்தின்படி நியமித்தீர்?" என்று எழுந்து கேளுங்கள். கொல்லைப்புறத்துக்கு அதுதான் பூட்டு. சாவி உங்கள் கையில்!